அப்பா தலையில் பெரியப்பாவின் ஹெல்மெட்

எனக்குக் கோபம் வந்தால் லேசில் போகாது. பள்ளியில் என் ஜியாமெட்ரி பாக்ஸை ஒளித்து வைத்தவளோடு இன்றுவரை நான் பேசுவதில்லை. அவள் இப்போது ராபர்ட்சன்பேட்டையில் துணிக்கடை வைத்திருக்கிறாள். எங்கள் வீட்டில் எல்லோரும் அங்கேதான் துணி எடுக்கிறார்கள். நான் மட்டும் பங்காருபேட்டைக்குப் போய் எடுக்கிறேன். இதை முதலிலேயே சொல்லிவிடுவது நல்லது. ஏனென்றால் இனி சொல்லப்போவது நான் எடுத்த முதல் ஆவணக் குறும்படத்தைப் பற்றி. கலை ஆர்வத்தில் எடுத்தது இல்லை அது. ஒரு மனிதரை ஊர் நடுவில் உட்கார வைத்து அவமானப்படுத்த வேண்டும் என்று எடுத்தது.

அந்த மனிதர் பெங்களூர்க்காரர். ஆவணப்படம் எடுப்பவர். நான் தினமும் காலை ரயிலைப் பிடித்து பெங்களூருக்குப் போய், ஒரு சின்ன ஸ்டுடியோவில் ஒலி சரிசெய்யும் வேலை பார்க்கிறேன். ஏதாவது ஒரு கம்பெனி வீடியோவில் மேனேஜர் பேசும்போது நடுவில் இருமினால், அந்த இருமலை யாருக்கும் தெரியாமல் எடுப்பது என் தொழில். அவர் ஒரு நாள் அங்கே வந்தார். என் ஊர் கே.ஜி.எஃப். என்று தெரிந்ததும் அவர் முகம் மலர்ந்ததைப் பார்க்க வேண்டுமே. தங்கச் சுரங்கத்தைப் பற்றி ஒரு படம் எடுக்கப்போவதாகவும், நானே வந்து ஒலிப்பதிவு செய்ய வேண்டும் என்றும் சொன்னார். எனக்குத் தலைகால் புரியவில்லை. அதுவரை ஏசி அறைக்குள் மற்றவர்கள் பதிவு செய்ததைத்தான் துடைத்துக்கொண்டிருந்தேன். வெளியே போய், மைக்கை என் கையாலேயே ஒருவர் சட்டையில் மாட்டிப் பதிவு செய்வது அதுதான் முதல் தடவை.

சுரங்கத்தில் வேலை செய்தவர் யாராவது வேண்டும் என்றார். நான் பக்கத்து வீட்டுப் பெரியப்பாவைச் சொன்னேன். பெரியப்பா என்றால் உறவு இல்லை. நந்திதுர்க் பக்கம் எங்கள் வீட்டுக்கும் அவர் வீட்டுக்கும் நடுவில் இடுப்பளவு காம்பவுண்டு சுவர் ஒன்றுதான் உண்டு. எங்கள் அப்பா ஊரிலேயே இருக்கும் இயந்திர ஃபாக்டரியில் ஃபிட்டராக இருந்து ரிட்டயர் ஆனவர். வாழ்நாளில் ஒரு தடவைகூடச் சுரங்கத்துக்குள் இறங்கியதில்லை. பெரியப்பா சுரங்கம் மூடும்வரை கீழே இறங்கியவர். வெளியூர்க்காரர்களுக்கு இரண்டும் ஒன்றுதான். எங்கள் ஊரில் அது வேறு, இது வேறு. ஒருவர் எந்தப் பக்கத்து ஆள் என்பதை அவர் நடையைப் பார்த்தே சொல்லிவிடுவார்கள். ஆனாலும் இந்த இரண்டு பேரும் தினமும் காலையில் தெருமுனை டீக்கடையில் பக்கத்துப் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து டீ குடிப்பார்கள். அப்பா அவரை "அண்ணா" என்பார். அவர் அப்பாவை "தம்பி" என்பார்.

பெரியப்பாவுக்குச் சொந்தத் தம்பி ஒருவர் இருந்தார். அவருடைய கதையைப் பெரியப்பா எங்கள் அப்பாவைத் தவிர யாரிடமும் சொன்னதில்லை. நான் போய்க் கேட்டபோது ரெண்டு நாள் யோசித்தார். பிறகு ஒரு நிபந்தனை போட்டார்.

"மூஞ்சி வரக்கூடாது. பேரு வரக்கூடாது. குரலு மட்டும்னா பேசறேன்."

இயக்குநர் சம்மதித்தார்.

அந்தக் காலத்தில் சுரங்கத்துக்குள் இறங்குகிற ஒவ்வொருவருக்கும் நம்பர் போட்ட பித்தளை டோக்கன் உண்டு. ஷிப்ட் முடிந்து மேலே வந்ததும் திருப்பித் தர வேண்டும். கீழே விபத்து என்றால், எந்த நம்பர் திரும்பவில்லை என்று பார்த்துத்தான் எந்த வீட்டுக்கு ஆள் அனுப்புவது என்று முடிவு செய்வார்கள். ஒருவன் டோக்கனில் இன்னொருவன் இறங்குவது பெரிய குற்றம். பெரியப்பாவுக்குக் கல்யாணமான புதிதில் ஒரு நாள் கடுமையான ஜுரம். ஷிப்ட் போய்விடக் கூடாது என்று அவர் டோக்கனை எடுத்துக்கொண்டு தம்பி, ஆட்களைச் சுரங்கத்துக்குள் இறக்கும் கேஜில் ஏறிக் கீழே போனார். அன்றைக்குக் கீழே பாறை வெடித்துச் சரிந்தது. மேலே நம்பரைப் பார்த்தார்கள். தொழிலாளர் குடியிருந்த லைன் வீட்டுக்கு வந்து பெரியம்மாவிடம், உங்கள் வீட்டுக்காரர் போய்விட்டார் என்றார்கள். பெரியம்மா போட்ட கூச்சலில், உள்ளே கம்பளி போர்த்திப் படுத்திருந்த பெரியப்பா எழுந்து வந்து வாசலில் நின்றார்.

இதைத்தான் அவர் என் மைக்கில் சொன்னார். ஃபேனை நிறுத்தி, ஃபிரிட்ஜை நிறுத்தி, மூடிய ஜன்னலுக்கு முன்னால் உட்கார்ந்து சொன்னார். சொல்லி முடித்ததும் சுவரில் ஆணியில் தொங்கிய தன் பழைய ஹெல்மெட்டை எடுத்து, மேஜைமேல் வைத்து வேண்டுமானால் படம் எடுத்துக்கொள்ளச் சொன்னார்.

இரண்டு மாதம் கழித்துப் படம் வந்தது. எனக்கு முன்னாலேயே ஊர் பார்த்துவிட்டது. ரயிலில் பக்கத்து சீட்டுப் பெண், "உங்கப்பா சூப்பரா பேசறாருக்கா" என்று போனை நீட்டினாள். எங்கள் அப்பா. பெரியப்பாவின் ஹெல்மெட்டைப் போட்டுக்கொண்டு, தூரத்தில், தங்கம் பிரித்த கழிவு மண் மலையாகக் குவிந்திருக்கும் சயனைடு மேட்டைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். அவர் முகத்தின்மேல் பெரியப்பாவின் குரல் ஓடுகிறது. எனக்கு ஜுரம், என் தம்பி என் டோக்கனில் இறங்கினான் என்று சொல்கிறது. அந்தக் குரல் உடைகிற இடத்தில் சரியாக அப்பா கண்ணைத் துடைக்கிறார். வெயில் கூசியதால் துடைத்தார். லைட் செக் என்று சொல்லி அவரை உட்கார வைத்தபோது நான் அங்கேதான் இருந்தேன்.

பங்காருபேட்டையில் இறங்கி அடுத்த ரயிலில் திரும்பினேன்.

ஊர் சும்மா இருக்குமா? ஃபாக்டரி ஆட்கள் அப்பாவைப் பார்த்து, "இன்னா மேஸ்திரி, எந்த ஷாஃப்ட்டுல எறங்குன?" என்று கேட்டுச் சிரித்தார்கள். சுரங்க ஆட்கள் சிரிக்கவில்லை. அவர்களுக்கு அது யாருடைய குரல் என்று தெரிந்துவிட்டது. இத்தனை வருஷம் ஒரு மனிதர் நெஞ்சுக்குள் பூட்டி வைத்திருந்ததைக் காய்கறி வாங்குகிற இடத்தில் பேசிக்கொண்டார்கள்.

நான் பெரியப்பா வீட்டுக்குப் போய் நின்றேன். அவர் ஹெல்மெட்டை ஆணியில் மாட்டியிருக்கவில்லை. எங்கே வைத்தார் என்று தெரியவில்லை. என்னைப் பார்த்து ஒரே ஒரு வாக்கியம் சொன்னார்.

"மறுபடியும் என் நம்பர்ல வேற ஒருத்தன எறக்கிட்டீங்களேம்மா."

அதன் பிறகு அவர் டீக்கடைக்கு வரவில்லை. அப்பா மட்டும் போய், வழக்கமான நாற்காலியில் உட்கார்ந்து, பக்கத்து நாற்காலியை யாருக்கும் தராமல் டீ குடித்துவிட்டு வருவார். இதைப் பற்றி என்னிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. அவர் பேசாமல் இருந்தது என் கோபத்துக்கு இன்னும் எண்ணெய் ஊற்றியது.

இயக்குநருக்குப் போன் செய்தேன். அவர் கொஞ்சமும் பதறவில்லை. பெரியவர் முகம் வேண்டாம் என்றார், நான் காட்டவில்லை, வாக்கைக் காப்பாற்றினேன் என்றார். எந்த முகம், எந்தக் குரல் என்பது முக்கியம் இல்லை, உணர்ச்சிதான் உண்மை என்றார். அப்பாவின் முகம் கேமராவுக்கு ரொம்ப நன்றாக இருந்தது என்று பாராட்டு வேறு. பிறகு, படத்துக்கு ஒரு விழாவில் பரிசு கிடைத்திருக்கிறது, உங்கள் பெயரும் கடைசியில் வருகிறது, பார்த்தீர்களா என்று கேட்டார். நான் போனை வைத்துவிட்டேன். இந்த ஆளைச் சும்மா விடுவதில்லை என்று அந்த நிமிடம் முடிவு செய்தேன்.

என் கையில் ஒரு ஆயுதம் இருந்தது. அதை எனக்குக் கொடுத்தவரும் அவரேதான். எந்த இடத்தில் பேட்டி எடுத்தாலும், முடிந்ததும் யாரும் பேசாமல் ஒரு நிமிடம் அந்த அறையின் வெறும் சத்தத்தைப் பதிவு செய்ய வேண்டும் என்பது ஒலிப்பதிவில் பாலபாடம். வெறும் அறைக்கும் ஒரு சத்தம் உண்டு. பின்னால் பேச்சை வெட்டி ஒட்டும்போது, வெட்டு தெரியாமல் பூசி மறைக்க அது வேண்டும். தான் சொல்லும்வரை ரெக்கார்டரை நிறுத்தவே கூடாது என்று அவர் கண்டிப்பாகச் சொல்லியிருந்தார். அன்றைக்கு அந்த ஒரு நிமிடத்தில் அவரே பொறுமை இல்லாமல் ஏதோ கிசுகிசுத்தது எனக்கு ஞாபகம் இருந்தது. என்ன கிசுகிசுத்தார் என்பதுதான் ஞாபகம் இல்லை. எங்கள் தொழிலில் இது ஒரு வியாதி. ஹெட்ஃபோன் மாட்டினால் வார்த்தை காதில் ஏறாது. இரைச்சல் இருக்கிறதா, சட்டை உரசுகிறதா, லெவல் முள் எங்கே நிற்கிறது என்பதில்தான் புத்தி இருக்கும்.

மறுநாள் ரயிலில் உட்கார்ந்து அந்தப் பதிவைக் கேட்டேன். முதலில் பெரியப்பா கேட்கிறார்: "முடிஞ்சிச்சாம்மா? மூஞ்சி வராது இல்ல?" நான் சொல்கிறேன்: "வராது பெரிப்பா." அவர் முகம் கழுவப் பின்கட்டுக்குப் போகும் செருப்புச் சத்தம். கதவு சாத்துகிற சத்தம். கொஞ்ச நேரம் ஒன்றுமில்லை. பிறகு இயக்குநரின் கிசுகிசுப்பு, தெளிவாக:

"வெளிய உக்காந்திருக்காரே உங்கப்பா, அவர் மூஞ்சி பிரமாதம். ஹெல்மெட்ட அவருக்குப் போட்டு, இவர் குரல அவர் மேல ஓட்டிடலாம். லைட் செக் பண்றேன்னு சொல்லுங்க, போதும்."

நான் ரயிலிலேயே சத்தமாகச் சிரித்துவிட்டேன். மாட்டினான். பக்கத்தில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். அதற்குமேல் கேட்கக்கூடத் தோன்றவில்லை. ஹெட்ஃபோனைக் கழற்றிவிட்டு, படத்தை எப்படி எடுப்பது என்று யோசிக்க ஆரம்பித்துவிட்டேன்.

சினிமா பிறந்த புதிதில் எடுத்த படங்கள் எல்லாம் ஏறக்குறைய ஒரு நிமிடம்தான். கேமராவை ஒரு இடத்தில் நிறுத்தி, சுருள் தீரும்வரை கைப்பிடியைச் சுற்றுவார்கள். ஆட்கள் வருவார்கள், போவார்கள், ரயில் வரும். வெட்டும் இல்லை, ஒட்டும் இல்லை. என் படமும் அப்படித்தான் இருக்க வேண்டும் என்று தீர்மானித்தேன். வெட்டி ஒட்டி ஏமாற்றியவனை வெட்டே இல்லாத படத்தால் அடிக்க வேண்டும். படத்தின் ஆரம்பத்தில், இதில் ஒரு வெட்டும் இல்லை என்று எழுதிப் போடுவேன். அதைப் படித்துவிட்டு அவன் மூஞ்சி போகிற போக்கைப் பார்க்க வேண்டும்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் டீக்கடைக்கு எதிரே, மூடியிருந்த சலூன் படியில் கேமராவை வைத்தேன். அப்பா வந்தார். உட்கார்ந்தார். பக்கத்து நாற்காலிமேல் தன் துண்டை எடுத்துப் போட்டார். டீ வந்தது. ஊதி ஊதிக் குடித்தார். அவரிடம் நான் சொல்லவில்லை. சொன்னால் சட்டையைச் சரிசெய்துகொண்டு விறைப்பாக உட்காருவார், படம் கெட்டுவிடும். கேமராவை ஒரு அங்குலம்கூட அசைக்காமல் அவர் டீ குடித்து முடிக்கும்வரை எடுத்தேன். இந்தப் படத்துக்கு, பெரியப்பா வீட்டில் பதிவான அந்த ஒலியை வைத்தால் தீர்ந்தது வேலை.

ஸ்டுடியோவில் படத்தையும் ஒலியையும் சேர்த்து, முதல்முறையாகப் பதிவைக் கடைசிவரை ஓடவிட்டேன். பெரியப்பா கேட்கிறார், நான் வாக்குக் கொடுக்கிறேன், கதவு சாத்துகிறது, அவன் கிசுகிசுக்கிறான். அதற்குப் பிறகும் இருந்தது. அவன் கேட்கிறான்: "ஊர்ல யாராவது ஏதாவது சொல்வாங்களா?"

ஒரு பெண் குரல் பதில் சொல்கிறது: "ஒண்ணும் சொல்ல மாட்டாங்க சார். எங்கப்பா தானே."

நான்தான். இரைச்சல் இல்லாத, பிசிறில்லாத என் குரல். முள்ளைப் பார்த்துக்கொண்டே, என்ன கேட்டான் என்று உள்ளே வாங்காமல், பெரிய ஆளுக்கு முன்னால் நல்ல பெயர் எடுக்க வேண்டும் என்று சொன்ன பதில். மறுபடி ஓட்டிக் கேட்டேன். எத்தனை தடவை கேட்டாலும் அதையேதான் சொன்னேன்.

வெட்டிவிடலாம். அது ஐந்து நிமிட வேலை. அந்த ஒரு வாக்கியத்தை எடுத்துவிட்டு, அந்த இடத்தில் அதே அறையின் வெறும் சத்தத்தைப் பூசினால், பெங்களூரில் எந்தக் காதுக்கும் தெரியாது. வாங்குகிற சம்பளமே அதற்குத்தான். விரல் விசைமேல்தான் இருந்தது. உண்மையைச் சொல்கிறேன், வெட்டினேன். வெட்டி, பூசி, ஓட்டிப் பார்த்தேன். அருமையாக இருந்தது. அவன் ஒருவன் மட்டும் குற்றவாளி. ஆனால் ஆரம்பத்தில் போட்டிருந்த, இதில் ஒரு வெட்டும் இல்லை என்ற வரி என்னைப் பார்த்துப் பல்லிளித்தது. இரண்டு பிரதிகளையும் எடுத்துக்கொண்டு ஊருக்கு வந்தேன்.

இந்தத் தடவை கேட்காமல் போடக் கூடாது என்ற அளவுக்காவது எனக்குப் புத்தி வந்திருந்தது. பெரியப்பா வீட்டுக்குப் போனேன். அவர் பேசவில்லை என்றாலும் கதவைச் சாத்தவில்லை. ஹெட்ஃபோனை நீட்டினேன். அவர் காதில் அது சரியாக உட்காரவில்லை, கையால் அழுத்திப் பிடித்துக்கொண்டார். எந்தப் பிரதியைப் போடுவது என்று வாசல்வரை எனக்குத் தெரியாது. வெட்டாததைப் போட்டேன்.

திரையில் அப்பா தனியாக டீ குடிப்பதைப் பார்த்தார். நாற்காலிமேல் கிடந்த துண்டைப் பார்த்தார். எந்த இடத்தில் என் குரல் வந்தது என்று அவர் கண்ணிலேயே தெரிந்தது. முடிந்ததும் ஹெட்ஃபோனைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார்.

"இத இன்னா பண்ணப் போற?"

"அந்த ஆளுக்கு ராபர்ட்சன்பேட்டை கல்யாண மண்டபத்துல சால்வை போடறாங்க பெரிப்பா. ஊரக் காமிச்சாருன்னு பாராட்டு விழா. கம்ப்யூட்டர ஓட்டறது நான்தான். அவர் படத்துக்கு முன்னால இதப் போடப் போறேன்."

"போடு."

"என் குரல் வர்ற எடத்த..."

"அத எடுக்காத." முதல்முறையாக என்னை நேராகப் பார்த்தார். "அவன் கார் ஏறிப் பெங்களூருக்குப் பூடுவான். அவன யாரு இங்க நெனச்சிக்கினு இருக்கப் போறாங்க? நீ இங்கயே தான இருப்ப. டெய்லி இந்தத் தெருவுல தான நடப்ப. அது இருக்கட்டும்."

பழி வாங்குவதில் நான் பெரிய ஆள் என்று நினைத்திருந்தேன். அவர் எனக்கு எத்தனையோ லெவல் கீழே இறங்கிப் பார்த்தவர்.

விழா ஞாயிறு காலை பதினொரு மணிக்கு. மண்டபம் நிறைந்திருந்தது. இயக்குநர் முன்வரிசையில் சந்தன மாலையோடு உட்கார்ந்திருந்தார். என்னைப் பார்த்துக் கையசைத்தார். அப்பா நான்காவது வரிசை. பெரியப்பா வரவில்லை. வரவேற்புரை முடிந்ததும் என் படத்தைப் போட்டேன்.

டீக்கடையைப் பார்த்ததும் கூட்டம் சிரித்தது. பெரியப்பாவின் குரல் கேட்டதும் சிரிப்பு நின்றது. கிசுகிசுப்பு வந்தபோது மண்டபத்தின் ஸ்பீக்கர்கள் அதை மூலை முடுக்கெல்லாம் கொண்டுபோயின. இயக்குநரின் பின்கழுத்து சிவப்பதை நான் இருந்த இடத்திலிருந்து பார்க்க முடிந்தது. எனக்கு இனித்தது. மறைக்க மாட்டேன், வெல்லக்கட்டியை வாயில் போட்ட மாதிரி இனித்தது. அடுத்த நொடி என் குரல் வந்தது. கூட்டம் முழுக்கத் திரும்பி, கம்ப்யூட்டர் பக்கத்தில் நின்ற என்னைப் பார்த்தது.

பின்வரிசையில் ஒரு பழைய சுரங்கத் தொழிலாளி எழுந்து, "யோவ், சால்வைய எறக்கி வச்சிட்டுப் போய்யா" என்று கத்தினார். இயக்குநர் மேடைக்குப் போய் ஏதோ விளக்கம் சொல்லப் பார்த்தார். மைக் வேலை செய்யவில்லை. நான்தான் நிறுத்தியிருந்தேன். அவர் சாப்பிடாமலேயே காரில் ஏறிப் போனார். நான் வாசலுக்கு வந்தபோது, துணிக்கடைக்காரி, என் ஜியாமெட்ரி பாக்ஸ்காரி, அத்தனை வருஷத்துக்குப் பிறகு முதல்முறையாக என்னிடம் பேசினாள்.

"நீயும் தானடி சொன்ன?"

பெரியப்பா கணக்குப் போட்டது தப்பவில்லை. இயக்குநரை ஊர் ஒரு வாரத்தில் மறந்துவிட்டது. என் வாக்கியம் மட்டும் தெருவில் தங்கிவிட்டது. யாராவது கேட்காமல் பக்கத்து வீட்டுக் குடத்தை எடுத்தால், "ஒண்ணும் சொல்ல மாட்டாங்க சார்" என்கிறார்கள். ஷேர் ஆட்டோவில் நெருக்கி உட்காரும்போது சொல்கிறார்கள். நான் நடந்து போனால் கொஞ்சம் சத்தமாகச் சொல்கிறார்கள். நான் பல்லைக் கடித்துக்கொண்டு, யார் யார் சொன்னது என்று மனதில் குறித்து வைத்துக்கொள்கிறேன்.

பெரியப்பா அடுத்த நாளே டீக்கடைக்குப் போனார். அப்பா நாற்காலியிலிருந்து துண்டை எடுத்துக்கொண்டார். என்னோடு மட்டும் பெரியப்பா அதன் பிறகு பேசவே இல்லை.

ஒரு மாதம் போயிருக்கும். சாயங்காலம் வேலையிலிருந்து வந்து பையை வைத்தேன். அலமாரியில் என் ரெக்கார்டரைக் காணோம். முதல் சம்பளத்தில் வாங்கியது. யாரையும் தொடவிட மாட்டேன்.

"அப்பா, ரெக்கார்டர் எங்க?"

அப்பா செய்தித்தாளிலிருந்து தலை தூக்கவில்லை. "அண்ணனாண்ட குடுத்துட்டேன். தம்பியப் பத்தி எதுவோ பேசி வைக்கணும்னாரு. தனியா."

"என்னக் கேக்காமயா?"

அப்பா தாளை மடித்தார். என் படத்தில் அவர் முகம் இருந்தது, அந்த இயக்குநர் படத்திலும் அவர் முகம் இருந்தது. இரண்டு தடவையும் அவரை ஒருவரும் கேட்கவில்லை. அது அந்த நிமிடம்வரை எனக்குத் தோன்றவே இல்லை.

"ஒண்ணும் சொல்ல மாட்டாங்க" என்றார் அப்பா. "எம் பொண்ணு தானே."

காம்பவுண்டு சுவருக்கு அந்தப் பக்கம் ஃபேன் நின்றது. ஃபிரிட்ஜ் நின்றது. ஜன்னலைச் சாத்துகிற சத்தம் கேட்டது. மூன்றாம் நாள் ரெக்கார்டர் சுவர்மேல் ஒரு துணியில் சுற்றி வைக்கப்பட்டிருந்தது. உள்ளே இருந்த மெமரி கார்டு இல்லை. நான் போய்க் கேட்கவில்லை. என் கம்ப்யூட்டரில் இருந்த அவர் குரலையும் அன்றைக்கே அழித்துவிட்டேன்.